கோ கெங் சுவீ: எண்ணிப் பார்த்த அமைச்சர்

கேள்வி இதுதான்: "பொருளாதாரம் படித்தவர் அமைச்சரானால் நாடு முன்னேறும் என்கிறார்கள். அதற்குச் சிங்கப்பூரின் கோ கெங் சுவீயை உதாரணம் காட்டுகிறார்கள். அவர் அப்படி என்னதான் செய்தார்? படிப்புதான் காரணமா?"

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். படிப்பு உதவியது. ஆனால் அவருக்குக் கைகொடுத்தது கோட்பாடு என்று எனக்குத் தோன்றவில்லை. எதையும் நேரில் போய்ப் பார்த்து, கணக்கெடுத்து, அதற்கப்புறம் முடிவெடுக்கும் பழக்கம்தான் கைகொடுத்தது. தமிழில் எண்ணுவது என்றால் கணக்கிடுவதும்தான், யோசிப்பதும்தான். அவரிடம் இரண்டும் ஒரே வேலையாக நடந்தது. அந்தப் பழக்கம் அவரைப் பல இடங்களில் காப்பாற்றியது, ஓரிரு இடங்களில் சறுக்கவும் வைத்தது.

கோ பிறந்தது 1918 அக்டோபர் 6 அன்று, மலாக்காவில். பல தலைமுறைகளாக மலாயாவில் வேரூன்றிய பெரனாக்கான் சீனக் குடும்பம். இரண்டு வயதில் சிங்கப்பூருக்கு வந்துவிட்டார். தகப்பனாருக்குப் பாசிர் பாஞ்சாங்கில் ஒரு ரப்பர் தோட்டத்தில் வேலை. ஆங்கிலோ சீனப் பள்ளி, பிறகு ராஃபிள்ஸ் கல்லூரி. 1939இல் பொருளாதாரத்தில் சிறப்புத் தகுதியோடு வெளியே வந்து, காலனி அரசின் போர் வரித் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். ராஃபிள்ஸ் கல்லூரியில் அவர் பொருளாதாரம் சொல்லிக்கொடுத்த மாணவர்களில் ஒருவர், பின்னாளில் சிங்கப்பூரின் முதல் பிரதமரான லீ குவான் யூ.

ஜப்பானியர் போன பிறகு சமூக நலத் துறைக்குப் போனார். என்னைப் பொறுத்தவரை அவருடைய வாழ்க்கை திசை பிடித்தது இங்கேதான். போர் முடிந்த சிங்கப்பூரில் கடைவீடுகளின் மேல்மாடியைப் பலகை வைத்துத் தடுத்துத் தடுத்து, ஒவ்வொரு தடுப்புக்குள்ளும் ஒரு குடும்பம் இருந்தது. ஜன்னல் இல்லாத அறைகள், ஒரு மாடிக்கே சேர்த்து ஒரு அடுப்படி, ஒரு கழிப்பிடம். அரசாங்கத்திடம் இந்த மக்களைப் பற்றிய கணக்கே கிடையாது. யாருக்கு என்ன வருமானம், ஒரு அறையில் எத்தனை பேர், வாடகை போக மிஞ்சுவது எவ்வளவு என்று வீடு வீடாகக் கேட்டு எழுதினால்தான் தெரியும். துறையின் ஆய்வுப் பிரிவில் இருந்த கோ அந்த வேலையில் இறங்கினார். 1953-54இல் அவர் நடத்திய நகர்ப்புற வருமானம், வீட்டுவசதி பற்றிய கணக்கெடுப்பு 1956இல் அச்சானது. அமைச்சராவதற்கு முன்பே ஏழ்மையை எண்களாகவும், அந்த எண்களுக்குப் பின்னால் இருந்த முகங்களாகவும் பார்த்துவிட்டார்.

நடுவில் லண்டன். உதவித்தொகையில் லண்டன் பொருளாதாரப் பள்ளிக்குப் போய் 1951இல் முதல் வகுப்பில் தேறினார். புள்ளியியலில் அதிக மதிப்பெண்ணுக்கான பரிசும் அவருக்குத்தான். அங்கே மலாயா மாணவர்கள் கூடிப் பேச 1949இல் தொடங்கிய மலாயா மன்றத்துக்கு முதல் தலைவர் இவரே. பிற்பாடு மலேசியப் பிரதமரான அப்துல் ரசாக்கும், பின்னாளில் சிங்கப்பூரில் ஆட்சியைப் பிடித்த மக்கள் செயல் கட்சியின் தலைவரான டோ சின் சாயும் அந்த வட்டத்தில் இருந்தவர்கள். இரண்டாம் முறை போய் முனைவர் பட்டம் முடித்துவிட்டு 1956இல் திரும்பினார். ஆய்வுத் தலைப்பைப் பாருங்கள்: வளர்ச்சி குன்றிய நாடுகளில் தேசிய வருமானத்தை மதிப்பிடும் முறைகள். சரியான புள்ளிவிவரம் இல்லாத ஒரு நாட்டில் எதை நம்பிக் கணக்குப் போடுவது என்பதுதான் இதன் உள்ளே இருக்கும் கேள்வி. பின்னால் அவர் நிதி அமைச்சராக உட்கார்ந்ததும் அப்படிப்பட்ட நாட்டில்தான்.

அரசு ஊழியராக இருந்தபோதே ஒரு போராட்டமும் நடத்தினார். 1952இல் ஐரோப்பிய அதிகாரிகளுக்கு மட்டும் கூடுதல் சலுகை கொடுத்தது காலனி அரசு. கென்னி பர்ன் என்ற சக அதிகாரியோடு சேர்ந்து, உள்ளூர் அரசு ஊழியர் சங்கங்களை ஒரு கூட்டு நடவடிக்கைக் குழுவின் கீழ் திரட்டி எதிர்த்தார். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கொஞ்ச நேரத்தில் திரும்ப வருகிறேன்.

1958இல் வேலையை விட்டுவிட்டுக் கட்சி வேலைக்கு முழுநேரமாக வந்தார். 1959 மே 30 தேர்தலில் 51 இடங்களில் 43ஐ மக்கள் செயல் கட்சி பிடித்தது. சைனாடவுனை ஒட்டிய கிரேத்தா ஆயரில் கோ ஜெயித்தார். நெருக்கியடித்து மக்கள் வாழ்ந்த தொகுதி அது, அவருடைய கணக்கெடுப்பு பேசியதும் அப்படிப்பட்ட மக்களைப் பற்றித்தான். 40 வயதில் நிதி அமைச்சர்.

கஜானாவைத் திறந்து பார்த்தால் அந்த வருடம் 1 கோடியே 40 லட்சம் வெள்ளி (டாலரை அங்கே அப்படித்தான் சொல்வார்கள்) பற்றாக்குறை வரும்போல் இருந்தது. என்ன செய்தார்? அரசு ஊழியர் சம்பளத்தில் கை வைத்தார். படிகளை வெட்டினார். ஏழு வருடத்துக்கு முன்பு எந்த ஊழியர்களுக்காகப் போராடினாரோ அதே ஊழியர்களின் சம்பளம்! அவர்களுக்குக் கோபம் வந்ததில் நியாயம் இருக்கிறது. நானாக இருந்தால் துணிந்திருப்பேனா தெரியாது. வருட முடிவில் ஏறக்குறைய 10 லட்சம் வெள்ளி உபரி காட்டினார். வரவுக்கு மேல் செலவு கூடாது என்பது அவரிடம் கடைசி வரை மாறாத பிடிவாதம்.

ஆனால் கணக்குப் புத்தகத்தைச் சரிசெய்தால் வேலை கிடைத்துவிடுமா? ஊரில் வேலையில்லாதவர்கள் நிறைந்து கிடந்தார்கள், பிள்ளைகள் பிறந்துகொண்டே இருந்தார்கள். காரில் போகும்போது ஒரு பள்ளிக்கூடம் விட்டு நூற்றுக்கணக்கான பிள்ளைகள் வெளியே ஓடிவருவதைப் பார்த்தால், இவர்கள் வளர்ந்த பிறகு வேலைக்கு எங்கே போவது என்று நெஞ்சு கனத்துப்போகும் என்று கோ சொல்லியிருக்கிறார். அவர் செய்த பாதிக் காரியங்களுக்கு விளக்கம் இந்தக் காட்சியில் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன்.

1960இல் ஐக்கிய நாடுகள் சபையின் குழு ஒன்று வந்தது. தலைவர் டச்சுப் பொருளாதார நிபுணர் ஆல்பர்ட் வின்செமியஸ். அவர் சொன்ன யோசனைகளில் ஒன்று, சிங்கப்பூரில் பிரிட்டிஷ் குடியேற்றத்தைத் தொடங்கிய ராஃபிள்ஸின் சிலையை எடுக்காதீர்கள் என்பது. சிலை நின்றால் வெளிநாட்டு முதலீட்டாளருக்குப் பயம் போகும் என்பது கணக்கு. சிலை இன்றும் நிற்கிறது. அந்தக் குழுவின் யோசனையைத் தொட்டு 1961 ஆகஸ்ட்டில் பொருளியல் வளர்ச்சிக் கழகம் பிறந்தது, 10 கோடி வெள்ளி ஒதுக்கீட்டோடு. அன்றைய சிங்கப்பூருக்கு அது பெரிய பணம். முதல் தலைவர் ஹோன் சூய் சென்.

அந்தப் பணத்தில் பெரிய பங்கு போனது ஜூரோங்குக்கு. தீவின் மேற்கு ஓரம். சதுப்பு, அலையாத்திக் காடு, இறால் குட்டை, நடுவே சின்னச் சின்னக் குன்றுகள். குன்றுகளை வெட்டி அந்த மண்ணைக் கொண்டே சதுப்பை மேடாக்கினார்கள். சாலை போட்டார்கள், மின்சாரம் இழுத்தார்கள், துறைமுகம் கட்டினார்கள். எல்லாம் ஆயிற்று, தொழிற்சாலைதான் வரவில்லை. 1962இல் தேசிய இரும்பு எஃகு ஆலைக்கு அடிக்கல் நாட்டினார்கள். அதற்குப் பிறகும் சில வருடங்களுக்குப் பல மனைகள் சும்மாவே கிடந்தன. 'கோவின் பைத்தியக்காரத்தனம்' என்று அந்த இடத்துக்குப் பெயரே வந்துவிட்டது.

அந்த நாட்களில் அவர் செய்த ஒரு காரியம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஒரு தொழிற்சாலைக்கு அடிக்கல் நாட்டும்போது ஒருமுறை போவார், திறக்கும்போது இன்னொருமுறை போவார். வெளியிலிருந்து வாங்கிய சரக்கை வைத்து அந்துருண்டை செய்யும் ஒரு சின்னப் பட்டறை, நாலைந்து பேருக்கு வேலை கொடுக்கும் தைலக் கம்பெனி என்றாலும் நிதி அமைச்சர் நேரில் வந்து நிற்பார். பத்திரிகையில் படம் வரும். ஊருக்கு ஏதோ நடக்கிறது என்ற நம்பிக்கை பிறக்க வேண்டும், அவ்வளவுதான். லண்டனில் புள்ளியியலில் பரிசு வாங்கியவருக்கு, எண்கள் இன்னும் கூடாத காலத்தில் மனிதர்களின் மனத்தெம்பும் ஒரு மூலதனம் என்று தெரிந்திருந்தது.

தொழிற்சாலைக்குச் சந்தை வேண்டும். அதற்குத்தான் மலேசியாவோடு இணைப்பு. 1963 செப்டம்பரில் இணைந்தார்கள். பொதுச் சந்தை வரும் என்பது பேச்சு, ஆனால் வரவில்லை. எதிர்ப்பக்கம் மத்திய அரசின் நிதி அமைச்சர் டான் சியூ சின். இவர் வேறு யாருமில்லை, கோவின் தாய்வழிச் சொந்தம். மலாக்காவின் ஒரே குடும்ப வட்டத்தில் வந்த இரண்டு நிதி அமைச்சர்கள் வரிப் பங்குக்காக மல்லுக்கட்டினார்கள். இன்னொரு பக்கம் இந்தோனேசியா வணிகத்தை நிறுத்திவிட்டது. 1964இல் இனக்கலவரம்.

1965 ஆகஸ்ட் 9 பற்றி எல்லோர் மனதிலும் இருப்பது தொலைக்காட்சியில் லீ குவான் யூ கண்கலங்கிய காட்சி. சிங்கப்பூரை மலேசியா துரத்திவிட்டது என்றே பலர் நம்பினார்கள். உண்மை இன்னும் சிக்கலானது. அந்த ஜூலையில் லீ, தளர்வான ஒரு கூட்டாட்சிக்கு வழி இருக்கிறதா என்று பேசிப் பார்க்கத்தான் கோவை அனுப்பினார். கோவோ தன் பழைய லண்டன் நண்பர் ரசாக்கிடமும், மலேசிய அமைச்சர் டாக்டர் இஸ்மாயிலிடமும் பேசும்போது முழுப் பிரிவினையைத்தான் முன்வைத்தார். லீயிடம் எழுத்தில் அதிகாரமும் வாங்கிக்கொண்டார். இதையெல்லாம் பல வருடம் கழித்து அவரே வெளிப்படையாகச் சொன்னார். அந்தக் காகிதங்களை வைத்திருந்த கோப்புக்கு அவர் இட்ட பெயர் 'ஆல்பட்ராஸ்'. ஆங்கிலத்தில் அந்தக் கடற்பறவையின் பெயரைக் கழுத்தில் தொங்கும் பாரத்துக்குச் சொல்வார்கள். மலேசியாதான் அந்தப் பாரம் என்பது அவர் எண்ணம்.

எல்லோருக்கும் இதில் சம்மதம் இல்லை. யாழ்ப்பாணம் வட்டுக்கோட்டையில் பிறந்து சிரம்பானில் வளர்ந்த சிங்கப்பூர் அமைச்சர் எஸ். ராஜரத்னமும், டோ சின் சாயும் மனம் வெதும்பித்தான் பிரிவினை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். ராஜரத்னத்துக்கு மலாயா முழுவதும் ஒரே தேசம், உறவும் நட்பும் அந்தப் பக்கம். கோவும் மலாக்காவில் பிறந்தவர்தான். ஆனால் இரண்டு வருடக் கணக்கைக் கூட்டிக் கழித்துப் பார்த்து, இது தேறாது என்று முடிவுகட்டிவிட்டார்.

பிரிந்த அன்றே அவர் உள்துறை, பாதுகாப்பு அமைச்சர். பாதுகாக்க என்ன இருந்தது? இரண்டு காலாட்படைப் பட்டாளங்கள். புதிய நாடு முதலில் உதவி கேட்ட நாடுகளில் இந்தியாவும் ஒன்று. லால் பகதூர் சாஸ்திரிக்கு லீ கடிதம் எழுதினார். வாழ்த்து வந்தது, பயிற்சியாளர்கள் வரவில்லை. எகிப்திடமும் அப்படியே. கடைசியில் இஸ்ரேலியர்கள் ரகசியமாக வந்தார்கள். பக்கத்து நாடுகளுக்குத் தெரியக்கூடாது என்று அவர்களுக்கு 'மெக்சிகோக்காரர்கள்' என்று பெயர் வைத்தார்கள். 1967 மார்ச்சில் கட்டாய தேசிய சேவைச் சட்டம் வந்தது. பட்டாளத்தில் சேர்வதைக் கௌரவக் குறைவாக நினைத்த பெற்றோர் நிறைய. அதே வருடம் தோட்டா செய்ய ஒரு அரசு நிறுவனத்தையும் தொடங்கினார். இராணுவச் செலவிலும் தொழில் வளர வேண்டும் என்பது அவர் கணக்கு. இந்த அமைச்சில் அவரிடம் வேலை பார்த்தவர்களில் எஸ்.ஆர். நாதன் ஒருவர். 1971இல் உளவுப் பிரிவுக்குத் தலைவரானவர், பிற்காலத்தில் சிங்கப்பூரின் அதிபர். பொருளியல் வளர்ச்சிக் கழகத்தில் உருவாகிப் பிறகு அமைச்சரான தனபாலனையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். திறமையுள்ள இளையவர்கள் கையில் பெரிய வேலையைத் தூக்கிக் கொடுத்துவிடுவது கோவின் வழக்கம்.

1967இல் திரும்ப நிதி அமைச்சு. 1968 ஜனவரியில் பிரிட்டன் தன் தளங்களைக் காலிசெய்யப் போவதாக அறிவித்தது. நாட்டு வருமானத்தில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு அந்தத் தளங்களைச் சார்ந்து இருந்தது. நல்ல வேளையாக அதற்குள் ஜூரோங் தயாராக இருந்தது. 1968இல் பொருளியல் வளர்ச்சிக் கழகத்திலிருந்து ஜூரோங் நகராண்மைக் கழகமும் டிபிஎஸ் என்ற வளர்ச்சி வங்கியும் தனித்தனியே பிரிந்தன. அமெரிக்க மின்னணுக் கம்பெனிகள் வரத் தொடங்கின. காலியாகக் கிடந்த மனைகளுக்குப் போட்டி வந்தது. 'பைத்தியக்காரத்தனம்' என்ற சொல்லும் மெல்ல மறைந்தது. இன்று ஜூரோங் பக்கம் கப்பல் பட்டறைகளில் தமிழ்நாட்டுப் பிள்ளைகள் எத்தனை பேர்! அவர்கள் காலடியில் இருப்பது அன்று வெட்டிக் கொட்டிய அந்தக் குன்று மண்தான்.

பொருளாதாரத்தில் அவருடைய ஆழத்தைப் பார்க்க விரும்பினால் நாணயக் கொள்கையைப் பாருங்கள். அன்று விடுதலை அடைந்த நாடு ஒவ்வொன்றும் பெருமையாக ஒரு மத்திய வங்கி வைத்தது. கோ வேண்டாம் என்றார். 1967இல் சிங்கப்பூர் வெள்ளியை வெளியிட்டது ஒரு நாணய வாரியம். வெளியிடும் ஒவ்வொரு வெள்ளிக்கும் ஈடாக வெளிநாட்டுச் சொத்து கையில் இருக்க வேண்டும் என்பது விதி. அரசாங்கத்துக்குப் பணம் பற்றவில்லை என்றால் நோட்டு அடித்துச் சமாளிக்க முடியாது. அப்படி அடித்த நாடுகளில் விலைவாசி என்ன ஆனது என்று அவருக்குத் தெரியும். தான் உட்பட எந்த நிதி அமைச்சருக்கும் அந்த ஆசை வரக்கூடாது என்று கதவையே பூட்டி வைத்தார். 1971இல் சிங்கப்பூர் நாணய ஆணையம் வந்த பிறகும் நோட்டு வெளியிடும் வேலை தனியாகவே இருந்தது, 2002இல்தான் இரண்டும் ஒன்றாயின. 1980இல் ஆணையத்தின் தலைவரான கோ, அடுத்த வருடம் கொள்கையை வெள்ளியின் மாற்று விகிதத்தை மையமாக வைத்து அமைத்தார். இறக்குமதியை நம்பி வாழும் சின்ன நாட்டில் வட்டி விகிதத்தை ஏற்றி இறக்குவதைவிட நாணயத்தின் மதிப்புதான் விலைவாசியைப் பிடிக்கும். இன்றைக்கும் அங்கே அதே முறை. சேர்ந்த கையிருப்பைச் சும்மா வைக்காமல் நீண்டகால முதலீட்டில் போட 1981இல் ஜிஐசி என்ற அரசு முதலீட்டு நிறுவனத்தைத் தொடங்கியதும் அவர் யோசனை.

இவ்வளவு கறாரான மனிதர் பறவைப் பூங்காவும் கட்டினார். ரியோ டி ஜெனிரோவில் ஒரு பெரிய பறவைக் கூண்டைப் பார்த்துவிட்டு வந்து, தொழிற்சாலைகளுக்கு நடுவே தொழிலாளர் குடும்பங்களுக்கு அப்படி ஒன்று வேண்டும் என்றார். ஜூரோங் பறவைப் பூங்கா 1971 ஜனவரியில் திறந்தது. மிருகக்காட்சிசாலை வைக்காமல் ஏன் பறவை என்றால், இறைச்சியைவிடத் தானியம் மலிவு என்று காரணம் சொன்னாராம். 2023இல் அந்தப் பூங்காவை மூடிப் பறவைகளை மண்டாய்க்குக் கொண்டுபோனபோது, சின்ன வயதில் பள்ளிப் பேருந்தில் போய் வந்த ஒரு தலைமுறையே கடைசியாகப் பார்க்கத் திரண்டது. சிங்கப்பூர் சிம்ஃபனி இசைக்குழு 1979இல் உருவானதற்கும் அவர்தான் காரணம். இப்படி ஒரு குழு நாட்டில் இல்லாதது ஒரு சின்ன அவமானம் என்று சில வருடம் முன்பே சொல்லிக்கொண்டிருந்தார்.

இப்போது சறுக்கிய இடங்கள். 1973இல் துணைப் பிரதமர் ஆனார், 1979இல் கல்வி அமைச்சு அவரிடம் வந்தது. அதற்கு முன்னோட்டமாகப் பள்ளிகளை ஆராய அவர் சேர்த்த குழு பெரும்பாலும் சிஸ்டம்ஸ் என்ஜினியர்கள். பள்ளியை ஒரு தொழிற்சாலைபோல் பார்த்தார்கள்: எத்தனை பிள்ளைகள் உள்ளே போகிறார்கள், எத்தனை பேர் தேறி வெளியே வருகிறார்கள், நடுவில் எவ்வளவு விரயம். விரயம் நிஜம்தான். வீட்டில் தமிழோ ஹொக்கியன் சீனமோ பேசும் பிள்ளைகள் பள்ளியில் இரண்டு மொழிகளுக்கு நடுவே திணறிப் பாதியில் நின்றுபோனார்கள். அவருடைய 1979 அறிக்கை சொன்ன தீர்வு, மூன்றாம் வகுப்பு முடிவில் தேர்வு வைத்துப் பிள்ளைகளைப் பிரிப்பது. வேகமானவர்களுக்கு ஆறு வருடத் தொடக்கக் கல்வி, மெதுவானவர்களுக்கு எட்டு வருடம், ரொம்பச் சிரமப்படுபவர்களுக்கு ஒரே மொழி.

பாதியில் நிற்பது குறைந்தது, அதை மறுக்க முடியாது. ஆனால் ஒன்பது வயதுப் பிள்ளையிடம் நீ இந்த ரகம் என்று சொல்வது என்ன செய்யும் என்று அந்தக் கணக்கில் எங்கேயும் இல்லை. தமிழ்க் குடும்பங்களில் 'எந்த ஸ்ட்ரீம்?' என்பது பல வருடங்களுக்கு உறவினர் வீட்டுக் கேள்வியாக இருந்தது. மெதுவான பிரிவில் விழுந்த பிள்ளை அந்தக் கேள்விக்குத் தலையைக் குனிந்துகொள்ளும். இந்தப் பிரிவினை பல கட்டமாகத் தளர்ந்து, உயர்நிலைப் பள்ளிகளில் 2024இல் புதிதாகச் சேர்ந்தவர்களிலிருந்துதான் முடிவுக்கு வந்தது. இன்னொன்று இதைவிட மோசம். பட்டதாரித் தாய்மார் மூன்றாவது பிள்ளை பெற்றால் அவர்கள் பிள்ளைகளுக்குப் பள்ளிச் சேர்க்கையில் முன்னுரிமை என்று 1984இல் அறிவித்தார். மக்கள் கொதித்துப்போனார்கள். அடுத்த வருடமே அதைக் கைவிட வேண்டியதாயிற்று. கடைவீட்டு மாடிகளில் ஏறி இறங்கி ஏழைகளின் கணக்கை எழுதியவரா இதைச் சொன்னார் என்று எனக்கு இன்றும் வருத்தம் உண்டு.

நினைத்துப் பாருங்கள், 1950களின் கணக்கெடுப்பில் அவர் மக்களிடம் போய்க் கேட்டார். இந்த இரண்டு திட்டங்களிலும் யாரிடமும் கேட்டதாகத் தெரியவில்லை.

1984 டிசம்பரில், 66 வயதில், அரசியலைவிட்டு விலகினார். தன் அமைச்சரவை சகாக்களிலேயே சிங்கப்பூரின் தலையெழுத்தை அதிகம் மாற்றியவர் கோதான் என்று லீ குவான் யூ சொன்னார். மறுவருடமே சீனா கூப்பிட்டது. கடலோரப் பகுதிகளின் வளர்ச்சிக்கும் சுற்றுலாவுக்கும் அந்நாட்டு அரசவைக்கு ஆலோசகர். சிங்கப்பூரில் கம்யூனிஸ்டுகளோடு மோதி அரசியல் செய்தவரைச் சீனக் கம்யூனிஸ்ட் அரசு கூப்பிட்டு யோசனை கேட்டது. பக்கவாதத்துக்குப் பிறகு பொதுவெளியில் அதிகம் வரவில்லை. 2010 மே 14 அன்று 91 வயதில் காலமானார். அரசு மரியாதையோடு இறுதிச்சடங்கு, மண்டாயில் தகனம்.

நீங்கள் மாணவராக இருந்து இவரை மேலும் படிக்க நினைத்தால், பட்ஜெட் உரைகளில் தொடங்காதீர்கள். 1956இல் அச்சான அந்த நகர்ப்புற வருமானக் கணக்கெடுப்பைத் தேடிப் பிடியுங்கள். சிங்கப்பூர் தேசிய நூலகத்தில் இருக்கிறது. கிரேத்தா ஆயர் பக்கம் போக வாய்த்தால், பழுதுபார்த்து வண்ணம் பூசி நிற்கும் அந்தக் கடைவீடுகளின் மேல்மாடி ஜன்னல்களைக் கொஞ்சம் நின்று பாருங்கள்.